பின்வரிசையில் நின்ற அண்ணன்

மெல்போர்ன் கிரிக்கெட் மைதானம், 2025 நவம்பர் 12. கிறிஸ்துமஸுக்கு மறுநாள் தொடங்கும் டெஸ்ட் பந்தயத்துக்காக இந்தியர்கள் அதிகாலையில் எழுந்து டிவி முன் உட்காரும் அதே மைதானம். அன்றிரவு அங்கே ஒரு பள்ளிக்கூடப் பையன் மேடையின் ஒரு கோடியிலிருந்து மறு கோடிக்கு ஓடிக்கொண்டிருந்தான். அரை டிராயர், கோட்டு, டை, தொப்பி, கையில் கிதார். தலைமுடி நரைத்திருந்தது. வயது 70.

பெயர் ஆங்கஸ் யங். பத்து வருடங்களுக்குப் பிறகு சொந்த நாட்டுக்குக் கச்சேரி செய்ய வந்திருந்த அவரது குழுவின் பெயர் ஏசி-டிசி. ஹார்ட் ராக் என்கிற, கிதாரும் டிரம்ஸும் காதைப் பிளக்கும் இசை வகையில், 1973-ல் ஆரம்பித்து இன்னும் கடையை மூடாத குழு. ஆங்கிலப் பாட்டுக் கேட்காதவர்களும் இவர்களைக் கேட்டிருக்க வாய்ப்புண்டு. 2008-ல் வந்த 'அயர்ன் மேன்' படம் தொடங்குவதே ஏசி-டிசி பாட்டோடுதான்.

எல்லாக் கண்களும் அந்த அரை டிராயர் மேல் இருப்பது இயல்பு. ஆனால் இந்தக் குழுவின் கதை மேடையின் முன்பக்கத்தில் நடந்ததல்ல. பின்னால், ஒலிபெருக்கிப் பெட்டிகளை ஒட்டி, சட்டையை மடித்து விட்டுக்கொண்டு கிட்டத்தட்ட நாற்பது வருடம் ஒருவர் நின்றார். ஆங்கஸின் அண்ணன் மால்கம். பல்லவி வரும்போது மைக் வரை நடந்து வருவார், இரண்டு வரி சேர்ந்து பாடுவார், திரும்பி அதே இடத்துக்குப் போய்விடுவார். நாகஸ்வரக் கச்சேரியில் ஒத்து ஊதுபவரை யாரும் பார்ப்பதில்லை. அந்த ஒத்துக்காரரே குழுவின் தலைவராகவும், உருப்படிகளை அமைப்பவராகவும், யாரைச் சேர்ப்பது யாரை வீட்டுக்கு அனுப்புவது என்று தீர்மானிப்பவராகவும் இருந்தால்? அதுதான் மால்கம் யங்.

யங் குடும்பம் ஸ்காட்லாந்தின் கிளாஸ்கோ நகரத்தைச் சேர்ந்தது. ஆள் பற்றாக்குறையில் இருந்த ஆஸ்திரேலியா, பிரிட்டிஷ் குடும்பங்களைச் சலுகைக் கட்டணத்தில் வரவழைத்துக்கொண்டிருந்த காலம் அது. 1962-63 குளிர்காலம் பிரிட்டனை உறைய வைத்தது. 1963-ல் குடும்பம் சிட்னிக்குக் கிளம்பிவிட்டது. அண்ணன்களில் ஒருவரான ஜார்ஜ், 'ஈஸிபீட்ஸ்' குழுவில் சேர்ந்து 1966-ல் உலகப் புகழ் பெற்றார். அந்தப் புகழ் எவ்வளவு சீக்கிரம் கரையும், பணம் எப்படிக் கைநழுவும் என்பதையும் அவரே அனுபவித்தார். தம்பிகளுக்குக் கிடைத்த பாடம் அதுதான்.

மால்கம் கொஞ்ச காலம் பெண்களின் உள்ளாடை தயாரிக்கும் ஆலையில் வேலை பார்த்தார். ஆங்கஸ் ஓர் அச்சகத்தில் அச்சுக் கோத்தார். 1973 கடைசியில் மால்கம் குழுவைத் தொடங்கியபோது அவருக்கு வயது 20, தம்பிக்கு 18. பெயர் வைத்தது அக்கா மார்கரெட். தையல் மெஷினில் ஏசி-டிசி என்று எழுதியிருந்ததைப் பார்த்து யோசனை சொன்னார். பள்ளிச் சீருடையும் அக்காவின் யோசனைதான். தம்பி பள்ளிவிட்டு வந்ததும் உடை மாற்றாமல் கிதாரும் கையுமாக உட்காருவதைப் பார்த்தவராயிற்றே. முதல் ஆல்பங்களைத் தயாரித்தது அண்ணன் ஜார்ஜும் அவரது ஈஸிபீட்ஸ் கூட்டாளி ஹாரி வாண்டாவும். ஒரு குடும்பக் கடைக்குத் தேவையான எல்லாம் வீட்டிலேயே இருந்தன.

அண்ணன் தம்பி சேர்ந்து நடத்தும் குழு ராக் உலகில் நிலைப்பது அபூர்வம். ஓயசிஸ் சகோதரர்கள் 2009-ல் பாரிஸில் சண்டை போட்டுப் பிரிந்தவர்கள், மறுபடி ஒரே மேடை ஏற 2025 ஆயிற்று. யங் சகோதரர்களும் சண்டை போடாதவர்கள் இல்லை. ஆனால் மேடையில் யார் எங்கே நிற்பது என்பதில் அவர்களுக்குள் தகராறு வந்ததே இல்லை. வேடிக்கை காட்டுவது தம்பியின் வேலை. இசையைத் தாங்குவது அண்ணனின் வேலை.

எப்படித் தாங்கினார்? அவர் வாசித்தது 1963-ம் வருடத்து கிரெட்ச் கிதார். ஒலியை வாங்கும் பிக்-அப்களில் ஒன்றை மட்டும் விட்டுவிட்டு மற்றதைக் கழற்றி எறிந்துவிட்டார். மேல் வர்ணத்தையும் உரித்துவிட்டார். கம்பிகள் தடிமனானவை. ஹார்ட் ராக் என்றால் ஒலியைச் சிதைத்து இரைச்சலாக்குவது என்று மற்றவர்கள் நினைத்தபோது, மால்கம் ஒலியைக் கூடுமானவரை சுத்தமாக வைத்துக்கொண்டு கையின் பலத்தால் அடித்தார். அடிக்கு அடி நடுவே இடைவெளி விட்டார். அந்த மௌனத்தில்தான் டிரம்ஸ் வந்து விழும். கேட்பவரின் தலை தானாக ஆடும். எல்லா ஆல்பமும் ஒரே மாதிரி இருக்கிறது என்று விமர்சகர்கள் அலுத்துக்கொண்டார்கள். அதை ஆங்கஸே கேலியாக ஒப்புக்கொண்டிருக்கிறார். விமர்சகர்கள் சொன்னது பொய்யல்ல. ஆனால் ஐம்பது வருடம் அதே சுவையில் காபி போடும் கடைக்காரரிடம் யாரும் புதுமை கேட்பதில்லை.

முதல் புகழ் பாடகர் பான் ஸ்காட் காலத்தில் வந்தது. 1974-ல் சேர்ந்த இவரும் ஸ்காட்லாந்தில் பிறந்து ஆஸ்திரேலியாவுக்குக் குடிபெயர்ந்தவர்தான். குறும்பும் குடியும் சம அளவில் கலந்த மனிதர். ஸ்காட்டிஷ் பைப் வாத்தியக் கோஷ்டியில் இருந்தவர் என்று தெரிந்து, ஒரு பாட்டில் பேக்பைப் வாசிக்கச் சொன்னார் ஜார்ஜ். அந்தக் கோஷ்டியில் அவர் வாசித்தது டிரம்ஸ் என்பது அப்புறம்தான் தெரிந்தது. மனிதர் அசரவில்லை, கற்றுக்கொண்டு வாசித்தார். 1976-ல் ஒரு திறந்த லாரியில் மெல்போர்னின் ஸ்வான்ஸ்டன் தெருவில் போய்க்கொண்டே குழு அந்தப் பாட்டைப் படம் பிடித்தது. 2004-ல் அருகிலுள்ள சந்து ஒன்றுக்கு நகராட்சி குழுவின் பெயரையே வைத்தது. 2025 நவம்பர் 12 அன்று, கச்சேரிக்கு முன், முந்நூறுக்கும் மேற்பட்டவர்கள் நகரின் ஃபெடரேஷன் சதுக்கத்தில் கூடி அதே பாட்டைப் பேக்பைப்பில் வாசித்தார்கள்.

பான் ஸ்காட் அதைப் பார்க்க இல்லை. 1980 பிப்ரவரி 19 அன்று லண்டனில் ஒரு காரில் கிடந்த அவரை மருத்துவமனைக்குக் கொண்டுபோனபோது உயிர் போயிருந்தது. அளவு மீறிய குடி. வயது 33.

குழுவைக் கலைத்துவிடலாம் என்ற பேச்சு வந்தது. தொடர்ந்து நடத்துங்கள் என்றவர் பானின் தந்தை. முதலில் அசைந்தவர் மால்கம். சும்மா உட்கார்ந்து அழுவதைவிட வேலை செய்யலாம் என்று தம்பியைக் கூப்பிட்டார். நியூகாசிலிலிருந்து பிரையன் ஜான்சன் புதுப் பாடகராக வந்தார். காருக்கு வினைல் கூரை போடும் தொழிலில் இருந்தவர். பஹாமாஸ் தீவில் பதிவு. மரணம் நடந்து ஐந்தே மாதத்தில் 'பேக் இன் பிளாக்' கடைக்கு வந்தது. துக்கத்தின் அடையாளமாக முழுக் கறுப்பு அட்டை. முதல் சத்தமே கோயில் மணி. உலகம் முழுக்க சுமார் ஐந்து கோடி பிரதிகள் விற்றதாக மதிப்பிடப்படும் இதற்கு, மைக்கேல் ஜாக்சனின் 'த்ரில்ல'ரைத் தவிர அதிகம் போட்டியில்லை. இறந்தவரைப் பற்றிய ஆல்பம் ஒப்பாரியாக இல்லாமல் கொண்டாட்டமாக இருந்ததுதான் அதன் விசேஷம். தலைப்புப் பாட்டின் கிதார் வரி, மால்கம் முன்பே ஒரு கேசட்டில் பதிந்து வைத்திருந்தது. தேறுமா என்று அவருக்கே சந்தேகம். தம்பிதான் விடவில்லை. இந்தக் கேசட் விஷயம் பின்னால் திரும்ப வரும்.

அடுத்த வருடங்கள் ஏற்ற இறக்கமானவை. டிரம்ஸ் கலைஞர் ஃபில் ரட் 1983-ல் வெளியேற்றப்பட்டார். 1988-ல் மால்கமே குடியிலிருந்து மீளச் சுற்றுப்பயணத்திலிருந்து விலக, இன்னொரு அண்ணனின் மகன் ஸ்டீவி அந்த இடத்தில் வாசித்தார். உருவ ஒற்றுமையில் பல ரசிகர்களுக்கு ஆள் மாறியதே தெரியவில்லை. (ஸ்டீவி, சித்தப்பா ஆங்கஸைவிட ஒரே ஒரு வயதுதான் இளையவர்.) மால்கம் குடியை விட்டுவிட்டுத் திரும்பினார். 1991 ஜனவரியில் அமெரிக்காவின் சால்ட் லேக் சிட்டியில் நடந்த கச்சேரியின் நெரிசலில் மூன்று இளவயதினர் இறந்தார்கள். அதே ஆண்டு செப்டம்பரில், ஆட்சிக் கவிழ்ப்பு முயற்சி தோற்ற அடுத்த மாதம், மாஸ்கோவின் டூஷினோ விமான தளத்தில் லட்சக்கணக்கானோர் முன் இலவசமாக வாசித்தார்கள்.

2008-ல் 'பிளாக் ஐஸ்' ஆல்பமும் அதையொட்டிய உலகச் சுற்றுப்பயணமும். பார்த்தவர்கள் சுமார் 50 லட்சம் பேர். அவர்களில் யாருக்கும் தெரியாத ஒன்று மேடைக்குப் பின்னால் நடந்துகொண்டிருந்தது. மால்கமுக்கு ஞாபகம் தவற ஆரம்பித்திருந்தது. தானே அமைத்து, முப்பது வருடமாக ஆயிரக்கணக்கான இரவுகள் வாசித்த உருப்படிகளை அவர் மறுபடி கற்க வேண்டியிருந்தது. கச்சேரிக்கு முன் உட்கார்ந்து புது மாணவன்போல் ஒவ்வொன்றாகப் பயிற்சி செய்தார். பிறகு மேடையேறி, வழக்கமான இடத்தில் நின்று, ஒன்றும் நடக்காததுபோல் வாசித்தார். வாசிக்கலாமா, போதுமா என்று தம்பி கேட்டபோது, செய்வோம் என்றுதான் பதில் வந்தது. 2010 ஜூன் 28, ஸ்பெயினின் பில்பாவோ. அதுவே மால்கமின் கடைசி மேடை.

அவருக்கு மறதி நோய் என்பதைக் குடும்பம் 2014-ல் உலகுக்குச் சொன்னது. ஸ்டீவி மறுபடி வந்தார், இந்த முறை நிரந்தரமாக. அடுத்தடுத்து அடிகள். ஏற்கெனவே திரும்பி வந்திருந்த ஃபில் ரட், கொலை மிரட்டல், போதைப் பொருள் வழக்குகளில் 2015-ல் நியூசிலாந்தில் எட்டு மாத வீட்டுக் காவல் பெற்றார். 2016-ல் பிரையன் ஜான்சனின் காது கேட்கும் சக்தி அபாயக் கட்டத்தை எட்ட, மருத்துவர்கள் மேடையை விடச் சொன்னார்கள். மிச்சக் கச்சேரிகளை 'கன்ஸ் அன் ரோஸஸ்' பாடகர் ஆக்ஸல் ரோஸ் பாடி முடித்தார். டிக்கெட் பணத்தைத் திருப்பிக் கேட்ட ரசிகர்களும் உண்டு. அவர்களைக் குறை சொல்ல முடியாது. பெயர்ப் பலகை மட்டும் மிஞ்சிய கடையில் சரக்கு வாங்க எல்லோருக்கும் மனம் வருமா?

2017 அக்டோபரில் ஜார்ஜ் இறந்தார். நான்கு வாரத்துக்குள், நவம்பர் 18 அன்று, மால்கம். வயது 64. சிட்னி செயின்ட் மேரி தேவாலயத்தில் சவப்பெட்டியின் மேல் கிதார் வைக்கப்பட்டிருந்தது.

இங்கே முடிந்திருக்க வேண்டிய கதை. ஆனால் அண்ணனும் தம்பியும் பல வருடங்களாக எழுதிப் பதிந்து ஒதுக்கி வைத்த துண்டுகள் பெட்டி பெட்டியாக இருந்தன. ஆங்கஸ் உட்கார்ந்து அவற்றைக் கேட்க ஆரம்பித்தார். 1980-ல் செய்த அதே காரியம். அப்போது பக்கத்தில் இருந்த அண்ணன் இப்போது ஒலிநாடாவில் மட்டும். புது வகைக் காதுக் கருவியோடு ஜான்சன் வந்தார், ரட் வந்தார். 2020 நவம்பரில் வெளியான 'பவர் அப்' பிரிட்டன், அமெரிக்கா, ஆஸ்திரேலியா எங்கும் முதலிடம். பன்னிரண்டு பாட்டுகள். ஒவ்வொன்றின் கீழும் இயற்றியவர்கள் என்று இரண்டே பெயர்கள்: ஆங்கஸ் யங், மால்கம் யங்.

மெல்போர்ன் மேடையில் 1973-லிருந்து இருப்பவர் ஆங்கஸ் ஒருவர்தான். டிரம்ஸும் பேஸ் கிதாரும் புதிய கைகளில். ஜான்சனின் குரல் 78 வயதைக் காட்டியது. பின்னால், ஒலிபெருக்கிப் பெட்டிகளை ஒட்டி ஸ்டீவி கிரெட்ச் கிதாரோடு நின்றார். பல்லவி வந்ததும் மைக் வரை நடந்தார். இரண்டு வரி சேர்ந்து பாடினார். திரும்பித் தன் இடத்துக்குப் போய்விட்டார்.