சரக்கு இருக்கு, டெலிவரி இல்லே!

ஆடி ஞாயிற்றுக்கிழமை பெரியபாளையம் பஸ் ஸ்டாண்டில் இறங்கியவர்களுக்கு அந்தக் கூட்டத்தைப் பற்றிச் சொல்லத் தேவையில்லை. சென்னையிலிருந்து வேன் வேனாக வந்து இறங்குவார்கள். பொங்கல் வைப்பார்கள், வேப்பஞ்சேலை கட்டிக்கொண்டு பவானி அம்மன் கோயிலைச் சுற்றுவார்கள், மொட்டை போடுவார்கள், கோழிக் குழம்பு வைத்துச் சாப்பிட்டுவிட்டு ராத்திரி அங்கேயே படுத்துவிட்டுப் போவார்கள். ஒரு நாள் திருவிழா இல்லை, வாரக்கணக்கில் நடக்கிற விஷயம். பக்கத்திலேயே ஆரணி ஆறு. பெயர்தான் ஆறு, வருஷத்தில் பாதிக்கு மேல் மணல்தான் கண்ணுக்குத் தெரியும்.

அந்த மணலுக்கு அடியில் என்ன நடக்கிறது என்பது ரகசியம் ஒன்றும் இல்லை. 1960-களின் பிற்பகுதியிலேயே ஐ.நா. வளர்ச்சித் திட்டத்தின் உதவியோடு ஆரணி, கொசஸ்தலை ஆற்றுப் படுகைகளில் நிலத்தடி நீர் ஆய்வு நடந்தது. மீஞ்சூர், பஞ்செட்டி, தாமரைப்பாக்கம், பூண்டி, இதோ பக்கத்தில் இருக்கிற கன்னிகைப்பேர் என்று வரிசையாக ஆழ்கிணறுகள் போட்டுச் சென்னைக்குத் தண்ணீர் எடுத்தார்கள். எடுத்த வேகத்தில் நல்ல தண்ணீர் மட்டம் இறங்கியது. மீஞ்சூர் பக்கம் கடல்நீர் மண்ணுக்குள்ளேயே பல கிலோமீட்டர் உள்ளே வந்துவிட்டது. 2000-களின் தொடக்கத்தில் வறட்சி வந்தபோது சென்னைக் குடிநீர் வாரியம் இந்தப் பக்கத்து விவசாயிகளின் கிணற்றுத் தண்ணீரையும் காசு கொடுத்து வாங்கியது. பயிர் போடுவதை விடத் தண்ணீரை விற்றால் லாபம் என்று ஆன கதை அது! பாலேஸ்வரம் தடுப்பணையால் சுற்றுவட்டக் கிணறுகளில் எவ்வளவு நீர் ஏறுகிறது என்று அண்ணா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் அளந்து கட்டுரைகளாகப் போட்டிருக்கிறார்கள்.

ஆக, ஆராய்ச்சி செய்யவில்லை என்று யாரையும் குறை சொல்ல முடியாது. குடோன் நிறையச் சரக்கு இருக்கிறது. எல்லாம் ஆங்கிலத்தில், காசு கட்டிப் படிக்கிற பத்திரிகைகளில். இந்தப் பக்கத்துத் தண்ணீரைக் குடித்த சென்னைக்காரனும் அதை விற்ற விவசாயியும் ஒரே தோப்பில் பக்கத்துப் பக்கத்து அடுப்பில் பொங்கல் வைக்கிற இடம் பெரியபாளையம். இதைவிட நல்ல சபை எந்த விஞ்ஞானிக்குக் கிடைக்கும்?

"கலைஞர்களோடு சேர்ந்து மக்களிடம் போகிறோமே" என்று பதில் வரும். எப்படிப் போகிறார்கள்? ஆராய்ச்சி முடிந்து, அறிக்கை அச்சாகி, கடைசி மாதத்தில் மிச்சம் இருக்கிற பணத்துக்கு ஒரு ஓவியரையோ ஒரு பறைக் குழுவையோ கூப்பிடுகிறார்கள். கணக்குப் புத்தகத்தில் கலைஞருக்கு இடம் "இதர செலவுகள்". நிகழ்ச்சி நடப்பது சென்னையில் ஏ.சி. ஹாலில். வந்திருப்பவர்கள் ஏற்கெனவே எல்லாம் தெரிந்தவர்கள். இல்லையென்றால் ஊர் முனையில் பத்து நிமிஷம் "தண்ணீரைச் சேமிப்போம்" என்று கோஷம், ஒரு போட்டோ, வேன் கிளம்பிவிடும். டீக்கடையில் நிற்பவர் கிளாஸைக் கூடக் கீழே வைக்க மாட்டார்.

கூத்தும் பாட்டும் சேர்ந்தால் அறிவியல் நீர்த்துப் போகும் என்று சொல்கிறவர்கள் தனி ரகம். அவர்கள் கலை ஜாதாவைப் பார்க்கவில்லை, அல்லது மறந்துவிட்டார்கள். 1980-இல் தொடங்கிய தமிழ்நாடு அறிவியல் இயக்கத்தில் இருந்தவர்கள் ஆராய்ச்சி நிறுவனங்களில் வேலை பார்த்த விஞ்ஞானிகளும் கல்லூரி வாத்தியார்களும்தான். 1987-இல் நாட்டின் பல மூலைகளிலிருந்து கிளம்பிப் போபாலில் போய் முடிந்த மக்கள் அறிவியல் ஜாதாவில் அவர்களும் இருந்தார்கள். 1990-இல் எழுத்தறிவுக்காக மறுபடி ஒரு ஜாதா. மேடை கிடையாது, செட்டிங் கிடையாது. ஊர் ஊராகப் போய் பஸ் ஸ்டாண்டிலும் பள்ளிக்கூட வாசலிலும் பாடி நடித்தார்கள். அடுத்த வருஷம் புதுக்கோட்டையில் அறிவொளி இயக்கம். கலெக்டர் ஷீலா ராணி சுங்கத் காலத்தில் எழுத்தோடு சைக்கிளும் கற்றுக்கொண்டு பெண்கள் தெருவில் இறங்கினார்கள். பொருளாதார ஆய்வாளர் வெங்கடேஷ் ஆத்ரேயா அதைப் பற்றி அந்தக் கலெக்டரோடு சேர்ந்து 1996-இல் புத்தகமே எழுதினார். எதுவும் நீர்த்துப் போனதாகத் தெரியவில்லை :)

பக்கத்து மாவட்டத்துக்கு வருவோம். காஞ்சிபுரத்தில் கூத்துக் கலைஞர் பெ. ராஜகோபாலும் நெதர்லாந்திலிருந்து ஆய்வு செய்ய வந்த ஹன்னே டி ப்ரூயினும் 1990-லிருந்து கட்டைக்கூத்துச் சங்கத்தில் சேர்ந்தே வேலை செய்தார்கள். 2002-இல் ஆரம்பித்த குருகுலத்தில் பிள்ளைகள் பள்ளிப் பாடமும் கூத்தும் சேர்த்துப் படித்தார்கள். 2020-இல் அது மூடப்பட்டது, பெரிய நஷ்டம். புத்தகங்கள் எல்லாம் "தெருக்கூத்து" என்று எழுதிக்கொண்டிருக்க, கலைஞர்கள் சொன்ன "கட்டைக்கூத்து" என்ற பெயரையே அந்த ஆய்வாளர் எடுத்துக்கொண்டார். ஆராய்ச்சியைக் கலைஞர் திருத்துகிறார். கூட்டு என்றால் இதுதான் கூட்டு.

எண்ணூர்க் கழிமுகம் இன்னும் பக்கம். 2017 ஜனவரியில் வந்த "சென்னை புறம்போக்குப் பாடல்" நினைவிருக்கும். கபேர் வாசுகி எழுதி டி.எம். கிருஷ்ணா பாடியது. பின்னால் இருந்தது சூழலியல் செயற்பாட்டாளர் நித்யானந்த் ஜெயராமன் போன்றவர்கள் வருஷக்கணக்கில் சேர்த்த தகவல்கள். திட்டுகிற வார்த்தையாக மாறிப்போன "புறம்போக்கு"க்கு எல்லோருக்கும் பொதுவான நிலம் என்ற பழைய அர்த்தத்தை ஒரு பாட்டு திருப்பிக் கொடுத்தது. ஆனாலும் அது வீடியோ. பார்க்கிறவர் எதிர்க்கேள்வி கேட்டால் பாட்டு பதில் சொல்லாது.

கூத்தில் கட்டியக்காரன் பதில் சொல்வான். ராஜாவையே கிண்டல் பண்ண அவனுக்கு லைசென்ஸ் உண்டு. கதைக்கு நடுவில் உள்ளூர் விவகாரத்தை இழுப்பதும் அவன்தான். கடல்நீர் எப்படி மண்ணுக்குள் நடந்து வருகிறது என்று அவனிடம் கொடுத்துப் பாருங்கள். "ஏன்யா, தண்ணிய வித்த காசுல வாங்குன டிவில தண்ணிப் பஞ்சத்த நியூஸ்ல பாக்குறியே" என்று கேட்க அவனால்தான் முடியும். பேராசிரியர் கேட்டால் அடி விழும். ஆனால் அதற்குப் பேராசிரியர் ஒத்திகையில் முதல் நாளிலிருந்து உட்கார வேண்டும். "இது புரியலை, வேற மாதிரி சொல்லுங்க" என்று கூத்து வாத்தியார் சொன்னால் கோபப்படாமல் இருக்க வேண்டும். எழுதியவர் என்ற இடத்தில் இரண்டு பேர் பெயரும் வர வேண்டும், சம்பளமும் அதற்குத் தக்கபடி.

செலவு என்ன பெரிய செலவு? ஹால் வாடகை இல்லை, அழைப்பிதழ் இல்லை, கூட்டம் சேர்க்க வேண்டிய வேலையும் இல்லை. அம்மன் சேர்த்து வைத்திருக்கிறாள். ஆடி பிறந்த பிறகு எந்தக் கூத்துக் குழுவும் சும்மா இருக்காது. வெற்றிலை பாக்கு வைத்து முன்பணம் கொடுப்பதென்றால் சித்திரையிலேயே கிளம்ப வேண்டும்.