மைனர் ஸ்கேல் அழுகையின் ஏணியா?



சில ஆண்டுகளுக்கு முன், ஒரு தவக்காலத்தில் நிகழ்ந்தது இது. எங்கள் பங்கின் பாடற் குழுவில் ஆர்மோனியம் வாசித்துவந்த கல்லூரி மாணவி ஒருத்தி, புதிய பாடல் ஒன்றைச் சுரக்குறிப்புத் தாளோடு கொண்டுவந்து குழுவினருக்குப் பழக்கிக்கொண்டிருந்தாள். பாடல் ஏ மைனரில் அமைந்தது. தாளின் தொடக்கத்தில் ஷார்ப், ஃப்ளாட் என்னும் குறிகள் எவையும் இல்லை. ஆயினும் வரி முடியும் இடங்களில் மட்டும், ஜி என்னும் சுரத்திற்கு முன்னால் ஒரு ஷார்ப் குறி நின்றது. "இது அச்சுப் பிழை" என்று கூறி, கையிலிருந்த பென்சிலால் அக்குறிகளை ஒவ்வொன்றாக அடித்துவிட்டேன். குருமடத்தில் ஆண்டுக்கணக்காகப் பாடிய எனக்குத் தெரியாததா என்ற எண்ணம் அப்போது என் உள்ளத்தில் இருந்தது என்பதை இன்று மறைப்பதற்கில்லை.

அவள் மறுத்துப் பேசவில்லை. நான் திருத்தியபடியே வாசித்தாள். ஆனால் வரியின் முடிவு வரும்போதெல்லாம் குழுவினர் அந்த ஒரு சுரத்தைத் தாமாகவே மேலே இழுத்தனர். ஆர்மோனியம் ஒன்று சொல்ல, குரல்கள் வேறொன்று சொல்லின. நான் குழுவினரைக் கடிந்துகொண்டேன். கடைசியில் அப்பெண் தயங்கித் தயங்கி, "சாமி, அந்தச் சுரத்தை இறக்கிவிட்டால், வீட்டு வாசல்வரை வந்துவிட்டு உள்ளே நுழையாமல் திரும்பிப் போவதுபோல் இருக்கிறது" என்றாள். "நான் சொன்னபடி வாசி" என்றேன். மறுவாரம் அவள் பயிற்சிக்கு வரவில்லை. அதற்கடுத்த வாரமும் வரவில்லை.

அவள் சொன்னது முற்றிலும் சரி. எப்படிச் சரி என்பதை அறிய, மைனர் ஸ்கேல் என்னும் சுரவரிசை எவ்வாறு கட்டப்படுகிறது என்பதை நாம் முதலில் பார்க்கவேண்டும். வீட்டில் ஆர்மோனியமோ கீபோர்டோ இருந்தால் அதனருகே அமர்ந்து இதனைப் படியுங்கள். கண்ணைவிடக் காதே இதனை விரைவில் விளங்கிக்கொள்ளும்.

ஆர்மோனியத்தில் ஒரு ஸ்தாயிக்குள் வெள்ளையும் கறுப்புமாகப் பன்னிரண்டு கட்டைகள் உள்ளன. ஒரு கட்டையிலிருந்து அதனை அடுத்துள்ள கட்டைக்குச் செல்வது, அது வெள்ளையாயினும் கறுப்பாயினும், அரைச்சுரம். இடையில் ஒரு கட்டையை விட்டுவிட்டு அடுத்ததற்குச் செல்வது முழுச்சுரம். ஒரு சுரத்தை அரைச்சுரம் உயர்த்துவது ஷார்ப். அரைச்சுரம் தாழ்த்துவது ஃப்ளாட். இவ்வளவு தெரிந்தால் எந்தச் சுரவரிசையையும் நாமே கட்டிவிடலாம்.

ஒரு கட்டை, அதாவது ஸி, அதில் தொடங்கி வெள்ளைக் கட்டைகளை மட்டும் வரிசையாக வாசித்தால் மேஜர் ஸ்கேல் பிறக்கிறது. அதன் அடிகளை அளந்தால் முழு, முழு, அரை, முழு, முழு, முழு, அரை என வரும். இனி, அதே வெள்ளைக் கட்டைகளை ஆறு கட்டையில், அதாவது ஏ என்னும் சுரத்தில், தொடங்கி வாசியுங்கள்: ஏ, பி, ஸி, டி, ஈ, எஃப், ஜி, மீண்டும் ஏ. இப்போது அடிகள் முழு, அரை, முழு, முழு, அரை, முழு, முழு என அமைகின்றன. இதுவே இயல்பான மைனர் ஸ்கேல். கட்டைகள் அவையே, ஆனால் கேட்கும் உணர்வு வேறு. ஏனெனில் வீடு மாறிவிட்டது. முன்பு எல்லாச் சுரங்களும் ஸியை நோக்கி நடந்தன. இப்போது ஏயை நோக்கி நடக்கின்றன.

நம் கர்நாடக இசையில் இதற்குக் கிரக பேதம் என்று பெயர். பழந்தமிழ் இசை நூலார் பண்ணுப் பெயர்த்தல் என்பர். சங்கராபரணத்தின் தைவதத்தை ஆதார சட்ஜமாகக் கொண்டு பாடினால் நடபைரவி கிடைக்கிறது. மேஜருக்கும் மைனருக்கும் உள்ள உறவு இதுவேதான். ஆதலால் ஒவ்வொரு மேஜருக்கும் அதன் ஆறாம் சுரத்தில் குடியிருக்கும் உறவு மைனர் ஒன்று உண்டு. இரண்டிற்கும் தாளின் தொடக்கக் குறிகள் ஒன்றே. ஸி மேஜருக்கு ஏ மைனர். ஒரு ஷார்ப் உள்ள ஜி மேஜருக்கு ஈ மைனர். ஒரு ஃப்ளாட் உள்ள எஃப் மேஜருக்கு டி மைனர். தாளின் தொடக்கத்தை மட்டும் பார்த்துப் பாட்டு மேஜரா மைனரா எனத் தீர்மானிக்க இயலாது. எந்தச் சுரத்தில் பாட்டு இளைப்பாறுகிறது என்று கேட்டே அறியவேண்டும்.

இன்னொரு வழியாகவும் மைனரைக் கட்டலாம். ஆதார சுரத்தை மாற்றாமல் ஸியிலேயே நின்று, மேஜரின் மூன்றாம், ஆறாம், ஏழாம் சுரங்களை அரைச்சுரம் தாழ்த்தினால் ஸி மைனர் ஆகிவிடும். இம்மூன்றில் மூன்றாம் சுரமே தலையானது. மேஜரில் அது ஆதாரத்திலிருந்து நான்கு அரைச்சுர உயரத்தில் நிற்கிறது, மைனரில் மூன்று. மைனர் என்னும் லத்தீன் சொல்லுக்குச் சிறியது என்பதே பொருள். அப்பெயரில் துயரமும் இல்லை, தாழ்வும் இல்லை. மூன்றாம் சுரத்தின் தொலைவு சிறிது என்பதுதான் அதன் செய்தி.

இனி என் பென்சிலால் அடிபட்ட சுரத்திற்கு வருவோம். மேஜர் ஸ்கேலின் ஏழாம் சுரம் தன் வீட்டிற்கு அரைச்சுரத் தொலைவில், வாசற்படியிலேயே நிற்கிறது. அதனைப் பாடியவுடன் அடுத்த சுரத்திற்குச் சென்றாகவேண்டும் என்ற ஏக்கம் செவிக்கு உண்டாகிறது. ஸ, ரி, க, ம, ப, த, நி என்று பாடி நியில் நிறுத்திப் பாருங்கள். வீட்டிலுள்ள குழந்தைகூட மேல் ஸ-வைப் பாடி முடித்துவிடும். இயல்பான மைனரிலோ ஏழாம் சுரம் முழுச்சுரம் தள்ளி, தெருமுனையில் நிற்கிறது. வீட்டிற்கு வரவேண்டும் என்ற துடிப்பு அதற்கில்லை. ஆகவே வரி முடியும் இடத்தில் அந்த ஜியை அரைச்சுரம் உயர்த்தி, ஐந்தரைக் கட்டையான ஜி ஷார்ப் ஆக்குகிறார்கள். அதோடு சேர்ந்து ஒலிக்கும் ஈ, ஜி, பி என்னும் கூட்டொலியும் ஈ, ஜி ஷார்ப், பி என மேஜர் கூட்டொலியாகி, ஏ மைனரை நோக்கி உறுதியாக இழுக்கிறது. கூட்டொலியின் தேவையால் பிறந்ததனால் இதற்கு ஹார்மோனிக் மைனர் என்று பெயர். அதன் சுரங்கள் நம் கீரவாணியின் சுரங்களே.

ஆனால் ஒரு பள்ளத்தை மூடப் போய் வேறொரு பள்ளம் தோன்றிவிட்டது. ஆறாம் சுரமான எஃபுக்கும், உயர்த்தப்பட்ட ஜி ஷார்ப்புக்கும் இடையே இப்போது மூன்று அரைச்சுர இடைவெளி. ஆர்மோனியத்தில் விரல் எளிதாகத் தாண்டிவிடும். பயிற்சி குறைந்த குரலோ தடுமாறும். எனவே மெட்டு மேலேறும்போது எஃபையும் உயர்த்தி எஃப் ஷார்ப் ஆக்கினர். ஏ, பி, ஸி, டி, ஈ, எஃப் ஷார்ப், ஜி ஷார்ப், ஏ. கீழ்ப்பாதி மைனர், மேற்பாதி மேஜரைப் போன்றது. கீழே இறங்கும்போது வீட்டை விட்டுப் புறப்படுகிறோமேயன்றி வீட்டை நோக்கி வரவில்லை. ஆதலால் உயர்வு தேவையில்லை. ஜியும் எஃபும் தம் இயல்பான இடத்திற்குத் திரும்பிவிடுகின்றன. மெட்டின் வசதிக்காக எழுந்த இதனை மெலோடிக் மைனர் என்பர். ஏறும்போது உள்ள சுரங்கள் கௌரிமனோகரியின் சுரங்கள், இறங்கும்போது நடபைரவி.

மேளகர்த்தா வரிசையில் நடபைரவி 20, கீரவாணி 21, கௌரிமனோகரி 23. மூன்றிலும் ஸ முதல் ப வரை ஒரே சுரங்கள். தைவதமும் நிஷாதமும் மட்டுமே இடம் மாறுகின்றன. ஆயினும் ஓர் எச்சரிக்கை. கமகமும் சஞ்சாரமும் இல்லாத வெறும் சுரவரிசை இராகமாகிவிடாது. இங்கு நாம் ஒப்பிடுவது சுரத்தானங்களை மட்டுமே.

மைனர் ஸ்கேல் மூன்று வகை என்று நூல்கள் கூறுவதைக் கேட்டு மாணவர்கள் அஞ்சுகின்றனர். உண்மையில் அது ஒரே ஏணி. அதன் முதல் ஐந்து படிகள் ஆணியடித்து நிலைநிறுத்தப்பட்டவை. ஆறாம் படியும் ஏழாம் படியும் மட்டும், நாம் எங்குச் செல்கிறோம் என்பதை அறிந்து இடம் கொடுப்பவை. ஒரே பாட்டுக்குள் மூன்று வடிவங்களும் வந்துபோகலாம். இந்த உயர்வு இடத்திற்கேற்ப வந்து மறைவதனால்தான் அதனைத் தாளின் தொடக்கத்தில் எழுதாமல், தேவையான சுரத்தின் முன்னால் எழுதுகிறார்கள். நான் அச்சுப் பிழை என்று கருதியது இந்த வழக்கத்தைத்தான்.

என் பிழைக்கும் ஒரு வேர் உண்டு. குருமடத்தில் நான் பழகியவை பெரும்பாலும் கிரகோரியன் பாடல்கள். அவற்றில் பி என்னும் சுரம் மட்டும் சில இடங்களில் தாழும். ஜி ஷார்ப்புக்கு அங்கே இடமில்லை. திருச்சபையின் பழைய இசைமுறைகள் எட்டு என்றே நெடுங்காலம் எண்ணப்பட்டன. சுவிட்சர்லாந்து அறிஞர் கிளாரியன் 1547-இல் வெளியிட்ட நூலில் அவற்றைப் பன்னிரண்டாக்கி, ஏயில் தொடங்கும் முறைக்கும் ஸியில் தொடங்கும் முறைக்கும் தனி இடம் அளித்தார். இன்றைய இயல்பான மைனரும் மேஜரும் அவையே. ஆனால் ஏட்டில் என்ன எழுதியிருந்தாலும், அக்காலப் பாடகர்கள் முடிவிடங்களில் ஏழாம் சுரத்தைக் குறியில்லாமலே உயர்த்திப் பாடினர். லத்தீனில் அதற்கு மூசிகா ஃபிக்தா என்று பெயர். எங்கள் குழுவினர், நான் கடிந்துகொண்டபோதும், செய்தது அதுவேயன்றோ! பின்னர் 1722-இல் யோகான் செபாஸ்டியன் பாக், பன்னிரண்டு சுரங்களில் ஒவ்வொன்றிற்கும் ஒரு மேஜர், ஒரு மைனர் என இருபத்து நான்கிலும் இசை இயற்றித் தொகுத்தளித்தார்.

மைனர் என்றால் அழுகை என்று பலர் முடிவுகட்டியுள்ளனர். மோட்சார்ட் 1791-இல் முற்றுப்பெறாமல் விட்டுச்சென்ற இறந்தோர் திருப்பலி இசை டி மைனரில் தொடங்குவது உண்மையே. ஆனால் உயிர்ப்பு ஞாயிறன்று நாம் பாடும் பாஸ்கா தொடர்பாடலின் பழைய லத்தீன் மெட்டைக் கேளுங்கள். அதன் ஆதார சுரம் டி. மூன்றாம் சுரம் எஃப், அதாவது மைனருக்குரிய அதே சிறிய மூன்றாம் சுரம். சாவை வென்ற மகிழ்ச்சியை அன்றோ அது பாடுகிறது! பாட்டின் உணர்வைத் தீர்மானிப்பதில் நடையின் வேகம், தாளம், சொல், பாடும் குரல் ஆகிய அனைத்திற்கும் பங்குண்டு. ஆகவே அடக்கத் திருப்பலிக்கு மைனர், திருவிழாவிற்கு மேஜர் என்று பாடற் குழுவினர் பிரித்துவைப்பது தேவையற்றது.

இவ்வாரம் வீட்டில் செய்து பார்க்க ஒரு சிறு பயிற்சி. இரண்டு கட்டையான டியில் தொடங்கி, முழு, அரை, முழு, முழு, அரை, முழு, முழு என எண்ணிச் செல்லுங்கள். டி, ஈ, எஃப், ஜி, ஏ, பி ஃப்ளாட், ஸி, டி என வரவேண்டும். பிறகு ஸியை மட்டும் உயர்த்தி ஸி ஷார்ப் ஆக்கி வாசியுங்கள். மூன்றாவதாக, ஏறும்போது பியை ஃப்ளாட் இன்றியும் ஸியை ஷார்ப்போடும், இறங்கும்போது இரண்டையும் பழையபடியும் வாசியுங்கள். ஒவ்வொரு முறையும் ஏழாம் சுரத்தில் சற்றே நின்று, செவி எதை எதிர்பார்க்கிறது என்று கவனியுங்கள்.

அப்பெண் வராத இரண்டாம் வாரத்தின் இரவில், யாருமில்லாத கோவிலில் அமர்ந்து இதைத்தான் நானும் செய்தேன். நான் திருத்தியபடி ஒருமுறை, தாளில் அச்சிட்டிருந்தபடி ஒருமுறை. மூன்றாம் முறை வாசிக்கத் தேவை ஏற்படவில்லை. மறுநாள் மாலை அவள் வீட்டிற்குச் சென்று, அவளுடைய பெற்றோர் முன்னிலையில், "அம்மா, அந்தக் குறி பிழையன்று, பிழை என்னுடையது" என்றேன். அவள் தலைகுனிந்து சிரித்தாள். குருத்து ஞாயிறன்று ஆர்மோனியத்தின் முன் அமர்ந்திருந்தாள்.

அத்தாள் இன்றும் பாடற் குழுவின் பெட்டியில் இருக்கிறது. பென்சில் கோடுகளை நானே ரப்பரால் அழித்தேன். தாளைச் சற்றே வெளிச்சத்தில் சாய்த்தால் தடம் தெரிகிறது. புதிய பாடலைப் பழக்கும்போதெல்லாம் அதனை ஒருமுறை எடுத்துப் பார்த்துக்கொள்கிறேன்.