உச்சரிப்பை மாற்றலாம், பிறப்பை?

விடால் சசூன் 1928இல் லண்டனில் ஓர் ஏழை யூதக் குடும்பத்தில் பிறந்தார். தந்தை கைவிட்டுப் போனார். தாயால் வளர்க்க முடியாமல், ஏழு ஆண்டுகள் யூத அநாதை இல்லத்தில் வளர்ந்தார். 14 வயதில் தாயே அவரை ஒயிட்சேப்பலில் ஒரு சிகையலங்காரக் கடையில் தொழில் பழகச் சேர்த்துவிட்டார். போருக்குப் பிறகும் லண்டன் தெருக்களில் யூத வெறுப்பைக் கக்கிய பாசிஸ்டுகளை, '43 குழு'வில் சேர்ந்து நேருக்கு நேர் எதிர்த்தார்.

மேட்டுக்குடிப் பகுதிச் சலூன்களில் அவருடைய கிழக்கு லண்டன் பேச்சே தடையாக நின்றது. பேச்சுப் பயிற்சி எடுத்து உச்சரிப்பை மாற்றிக்கொண்டார். 1954இல் பாண்ட் தெருவில் சொந்தக் கடை திறந்தார். அன்றைய பெண்கள் வாரந்தோறும் சலூனில் சுருள் மாட்டி, உலர்த்தியின் கீழ் உட்கார வேண்டியிருந்தது. அலசி உதறினால் தானாக அமையும் வெட்டைக் கொண்டுவந்து அந்தச் சிறையை உடைத்தார். 1963இல் ஆடை வடிவமைப்பாளர் மேரி குவான்டின் காட்சிக்கு அவர் வெட்டிய 'பாப்' ஃபேஷன் உலகையே புரட்டியது. 2009இல் பிரிட்டன் அவருக்கு சிபிஇ விருது அளித்தது.

அதே 2009இல் இந்தியாவில் நடந்தது என்ன? தமிழில் 'குசேலன்' என வந்த கதையை இந்தியில் 'பில்லு பார்பர்' என்று எடுத்தார்கள். 'பார்பர்' என்ற சொல் இழிவுபடுத்துகிறது என்று முடிதிருத்துவோர் அமைப்புகள் எதிர்த்தன. படம் 'பில்லு' என்று மட்டும் வெளியானது. ஒரு சொல்லுக்கா இவ்வளவு கோபம் என்று சிலர் சிரித்தார்கள். நம்மால் சிரிக்க முடியவில்லை. அந்தத் தொழிலின் பெயரையே வசவாக்கி வைத்திருப்பது இந்தச் சமூகம்தானே?

லண்டனிலும் வர்க்கம் இருந்தது, இனவெறுப்பு இருந்தது. ஆனால் உச்சரிப்பைப் பயிற்சியால் மாற்றிவிடலாம். சாதியை எந்தப் பயிற்சியால் மாற்றுவது? சசூன் கத்தரிக்கோலை எடுத்தது வறுமையால். இங்கே அதைப் பிறக்கும்போதே ஒருவன் கையில் திணித்தார்கள். அறுவடைக் களத்தில் அளக்கும் தானியமே கூலி என்றார்கள். சாவு வீட்டுச் சடங்கையும் அவன் தலையில் கட்டினார்கள். இன்று குளிரூட்டிய சலூனில் பணம் புரளும்போது 'ஹேர் ஸ்டைலிஸ்ட்' என்று மரியாதையோடு அழைக்கிறார்கள். முதல் போடுகிறவர் எந்தச் சாதியிலிருந்தும் வரலாம். ஊர்க் கடையில் நிற்பவரை மட்டும் இன்னும் சாதிப் பெயரில் ஒருமையில் கூப்பிடுவார்கள்.

இதில் நமக்கொரு கசப்பும் உண்டு. அதே ஊர்க் கடையில் நம் பிள்ளைகளுக்கு முடிவெட்ட மறுக்கிறார்கள். 1955ஆம் ஆண்டின் குடிமை உரிமைகள் பாதுகாப்புச் சட்டப்படி அது குற்றம். ஆனால் பல ஊர்களில், வெட்டினால் கடையை மூடவைப்போம் என்று மிரட்டுவது ஆதிக்கச் சாதிதான். மறுக்கிறவரையும் மறுக்கப்படுகிறவரையும் கட்டியிருப்பது ஒரே கயிறு.

ஆகவே நாம் கேட்பது விருதுகளை அல்ல. விரும்புகிறவர் எவரும் அந்தத் தொழிலை எடுக்கவும், விரும்பாதவர் விடவும் முடிய வேண்டும். எவரும் எந்த நாற்காலியிலும் உட்கார முடிய வேண்டும். அந்த நாள் வரும்வரை, இந்த மண்ணில் பிறந்த சசூன்கள் எத்தனை பேரைச் சாதி தின்றிருக்கும் என்று கேட்டுக்கொண்டே இருப்போம்.