நாம் கொண்டாடாத 1924

1924 என்றதும் தமிழ்நாட்டு முற்போக்காளர்களுக்கு இரண்டு ஊர்கள் நினைவுக்கு வரும். ஒன்று வைக்கம். இன்னொன்று எங்கள் தாமிரபரணிக் கரையின் சேரன்மாதேவி. வைக்கத்தில் கோயிலைச் சுற்றிய தெருக்களில் நடக்கும் உரிமைக்காகப் போராட்டம். பெரியார் இரண்டு முறை சிறை சென்றார். சேரன்மாதேவியில் வ.வே.சு. ஐயரின் குருகுலத்தில் பார்ப்பன மாணவர்களுக்குத் தனிப்பந்தி. அதை எதிர்த்துப் பெரியாரும் வரதராஜுலு நாயுடுவும் எழுப்பிய குரல் தமிழ்நாட்டுக் காங்கிரஸையே ஆட்டியது. இரண்டும் நினைவில் நிற்க வேண்டியவை. அதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை.

அதே 1924-ல் மூன்றாவதாக ஒன்றும் நடந்தது. சென்னை மாகாணச் சட்டமன்றத்தில் இரட்டைமலை சீனிவாசன் ஒரு தீர்மானம் கொண்டுவந்தார். எந்த வகுப்பைச் சேர்ந்தவரும் எந்த ஊரிலும் பொதுச் சாலையில், தெருவில், பாதையில் நடக்கலாம். பொது அலுவலகத்துக்குள் போகலாம். பொதுக் கிணற்றிலும் குளத்திலும் தண்ணீர் எடுக்கலாம் என்பது அதன் சாரம். தீர்மானம் நிறைவேறி அரசாணையும் ஆனது. வைக்கம் அன்று திருவிதாங்கூர் சமஸ்தானத்தில் இருந்தது. சீனிவாசனின் தீர்மானமோ திருநெல்வேலி ஜில்லாவின் ஒவ்வொரு தெருவையும் பற்றியது. இதற்கு நம் பெரிய மேடைகளில் நூற்றாண்டு விழா நடந்ததா?

சீனிவாசனை யாரும் மறக்கவில்லை என்பீர்கள். கிண்டியில் மணிமண்டபம் இருக்கிறது. ஜூலை 7 வந்தால் மாலை விழுகிறது. என் கேள்வி மாலையைப் பற்றியது அல்ல. 1860-ல் செங்கல்பட்டுச் சீமையின் கோழியாளத்தில் பிறந்தவர், இழிசொல்லாக வீசப்பட்ட பெயரையே தலைப்பாக்கி 1893-ல் ‘பறையன்’ இதழைத் தொடங்கியவர், ஐ.சி.எஸ். தேர்வை இந்தியாவிலும் நடத்து என்று காங்கிரஸ் கேட்டபோது, அந்த நாற்காலியிலும் சாதி இந்துதான் வந்து உட்காருவார் என்று எதிர்மனு அனுப்பியவர். தென்னாப்பிரிக்காவிலிருந்து திரும்பி 1923-ல் சட்டமன்றத்துக்குள் நுழைந்தவர். வட்டமேசை மாநாட்டில் அம்பேத்கருக்குத் துணை நின்றவர். இந்த வாழ்க்கை முழுவதையும் ஒரு பிறந்தநாள் பதிவுக்குள் அடைத்துவிட்டோம். அவர் சட்டமன்றத்தில் என்ன செய்தார் என்று கேட்டால் நம்மில் எத்தனை பேர் பதில் சொல்வோம்?

ஏன் இந்த மறதி? சேரன்மாதேவிக் கதையில் குற்றவாளிக் கூண்டில் நிற்பவர் பார்ப்பனர். அந்தக் கதையைப் பார்ப்பனரல்லாத எல்லாச் சாதியும் கைதட்டிக் கேட்கலாம். சீனிவாசனின் தீர்மானம் கூண்டில் ஏற்றுவது ஊரை. கிணற்றுக்குக் காவல் நின்றவன், தெருமுனையில் மறித்தவன், செருப்பைக் கழற்றச் சொன்னவன் யார்? இந்தப் பள்ளத்தாக்கில் அக்ரகாரத்தை மட்டும் கைகாட்டி இதற்குப் பதில் சொல்லிவிட முடியாது. நிலமும் கைபலமும் வைத்திருந்த இடைநிலைச் சாதிகளின் பெயரையும் சொல்லியாக வேண்டும். அதனால்தான் இந்தத் தீர்மானம் யாருக்கும் வசதிப்படுவதில்லை.

சீனிவாசன் வெள்ளைக்காரன் நியமித்த உறுப்பினர், ராவ் பகதூர் பட்டக்காரர் என்று சில தோழர்கள் முகம் சுளிக்கிறார்கள். சொத்தும் வரியும் பார்த்து ஓட்டுரிமை கொடுத்த காலம் அது. சேரி மக்களுக்கு ஓட்டே இல்லாதபோது அவர்களின் பிரதிநிதி எந்தப் பெட்டியிலிருந்து வெளியே வருவார்? நீதிக்கட்சித் தலைவர்களின் பெயருக்கு முன்னால் இருந்த பட்டங்களை மட்டும் பெருந்தன்மையாக மறந்துவிடுகிறோமே, அது எப்படி?

வெறும் காகிதம்தானே, அதனால் என்ன மாறியது என்றும் கேட்கிறார்கள். நியாயமான கேள்வி. ஆனால் அதைச் சீனிவாசனிடம் கேட்கக் கூடாது. உரிமையை அவர் எழுத்தில் வாங்கிக் கொடுத்தார். பிறகு 1938-ல் எம்.சி. ராஜாவின் முயற்சியில் மாகாணச் சட்டம் வந்தது. 1955-ல் தீண்டாமைக் குற்றச் சட்டம், 1989-ல் வன்கொடுமைத் தடுப்புச் சட்டம் வந்தன. எழுத்துக்குக் குறைவில்லை. அதைத் தெருவில் நிறைவேற்ற வேண்டியவர்கள்தான் வரவில்லை.

பொதுச் சாலை, பொது அலுவலகம் என்றது தீர்மானம். சரியாக 75 ஆண்டுகள் கழித்து, 1999 ஜூலை 23 அன்று, மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக மக்கள் பொதுச் சாலையில் நடந்து கொக்கிரகுளத்தில் இருக்கும் ஆட்சியர் அலுவலகத்துக்குப் போனார்கள். போலீஸ் தடியோடு ஆற்றுக்குள் விரட்டியது. குழந்தை உட்பட 17 பேர் செத்தார்கள். 2023 ஆகஸ்டில் நாங்குநேரியில் ஒரு தலித் மாணவனை உடன் படித்த மாணவர்களே வீடு புகுந்து வெட்டினார்கள். தடுக்கப் போன தங்கைக்கும் வெட்டு. அதன்பின் அமைந்த நீதிபதி சந்துரு குழு, மாணவர்கள் கையில் கட்டும் சாதிக் கயிறுக்குத் தடை கேட்டது. ஆய்வுக்காக இந்தப் பக்கத்து ஊர்களுக்கு நான் போகும்போதெல்லாம் பெயருக்கு அடுத்து வரும் கேள்வி, “நீங்க எந்தத் தெரு?” மின்கம்பம் தொடங்கிக் கோயில் வளைவு வரை சாதிக்கொரு வண்ணம். ஆறு ஒன்றுதான், அதற்கு இறங்கும் பாதையைக் கேட்டால் சாதி தெரிந்துவிடும்.

எனக்கு இன்னொரு சிலை வேண்டாம். நீங்கள் இந்தப் பகுதிக்காரராக இருந்தால், அடுத்த கிராம சபைக்குப் போங்கள். ஆகஸ்ட் 15, அக்டோபர் 2, எதுவானாலும் சரி. 1924 தீர்மானத்தை அங்கே வாசிக்கச் சொல்லுங்கள். வாசித்த பிறகு, இந்த ஊரில் எந்தத் தெரு, எந்தப் படித்துறை, எந்தச் சுடுகாட்டுப் பாதை இன்னும் எல்லோருக்கும் திறக்கவில்லை என்று கேளுங்கள். பதிலைத் தீர்மானப் புத்தகத்தில் பதிவு செய்யச் சொல்லுங்கள். தலித் தோழர் மட்டும் எழுந்து கேட்டால் அது கலவரம் ஆக்கப்படும். அந்தத் தெருவில் பிறந்த நீங்கள் எழுந்து கேளுங்கள். சாதி ஒழிப்பு பேசும் இடைநிலைச் சாதி இளைஞருக்கு இதைவிடச் சிறிய வேலையை என்னால் கொடுக்க முடியாது.