இரண்டே பேர்தானா?

2024-ஆம் ஆண்டு ஜூலை 29, திங்கட்கிழமை. காலை வழிபாட்டில் செய்தி வாசிக்கும் முறை எங்கள் வகுப்புக்கு வந்திருந்தது. முந்தின நாள்தான் பாரிஸ் ஒலிம்பிக்கில் மனு பாக்கர் துப்பாக்கி சுடுதலில் வெண்கலம் வென்றிருந்தார். அதை வாசித்ததும் மைதானமே அதிரும்படி கைதட்டல். அடுத்த வரியாக, மகளிர் 200 மீட்டர் ஃப்ரீஸ்டைல் நீச்சலில் இந்தியாவின் தினிதி தேசிங்கு 23-ஆம் இடம் பெற்றார் என்று வாசித்தோம். பின்வரிசையில் யாரோ களுக்கென்று சிரித்தார்கள். சிரிப்பு வரிசை வரிசையாகப் பற்றிக்கொண்டது. உண்மையைச் சொல்வதென்றால் வாசித்துக்கொண்டிருந்தவளுக்கும் உதடு துடித்தது.

வகுப்புக்கு வந்த பிறகும் பேச்சு ஓயவில்லை. "நீச்சலுக்கு மொத்தம் எத்தனை பேரடி போனார்கள்?" "இரண்டே பேர்." "இரண்டே பேர்தானா? இத்தனை கோடி மக்களுக்கா?" என்று ஒருவரை ஒருவர் கேட்டுச் சிரித்துக்கொண்டிருந்தபோது எங்கள் விளையாட்டு ஆசிரியை உள்ளே வந்தார். திட்டுவார் என்று நினைத்தோம். அவரோ, "உங்களில் நீந்தத் தெரிந்தவர்கள் கையைத் தூக்குங்கள்" என்று மட்டும் சொன்னார். நான்கு கைகள் எழுந்தன. அவற்றுள் ஒன்று, கொடைக்கானல் ஏரியில் படகில் போய்வந்ததைக் கணக்கில் சேர்த்துக்கொண்ட கை. ஆக, மூன்று. "சரி, இப்போது சிரியுங்கள்" என்று சொல்லிவிட்டுப் பாடத்தைத் தொடங்கிவிட்டார்.

அந்த மூன்று கைகளைப் பற்றித்தான் இந்தக் கட்டுரை.

முதலில் அந்த 23-ஐப் பார்ப்போம். தினிதி பெங்களூரைச் சேர்ந்தவர். பாரிசுக்குப் போனபோது அவருக்கு வயது 14, அதாவது நம் பள்ளியின் ஒன்பதாம் வகுப்புத் தங்கைகளின் வயது. 117 பேர் கொண்ட இந்திய அணியில் அவரே மிக இளையவர். அதற்கு முந்தைய ஆண்டு, கோவாவில் நடந்த தேசிய விளையாட்டுப் போட்டியில் ஏழு தங்கப் பதக்கங்கள் வாங்கியிருந்தார். பாரிசில் 200 மீட்டரை 2 நிமிடம் 6.96 விநாடியில் நீந்தித் தமது தகுதிச் சுற்றுப் பிரிவில் முதலாவதாக வந்தார். அரையிறுதிக்கு 16 பேரைத்தான் எடுப்பார்கள். ஆகவே 23-ஆம் இடத்தோடு அவர் திரும்ப வேண்டியதாயிற்று. தங்கம் வென்ற ஆஸ்திரேலியாவின் மோலி ஓ'கல்லகன் எடுத்துக்கொண்ட நேரம் 1 நிமிடம் 53.27 விநாடி. வித்தியாசம் பதினான்கு விநாடிக்கும் குறைவு. நாம் நீதிமொழி வகுப்புக்குத் தாமதமாக வந்துவிட்டுச் சொல்லும் சாக்குக்கே அதைவிட அதிக நேரம் ஆகும்! சிறு வயதில் தமக்குத் தண்ணீரே பிடிக்காது, அதில் இறங்கவே மாட்டேன் என்று இருந்ததாக அவரே பேட்டியில் சொல்லியிருக்கிறார். பிடிக்காத பிள்ளையைப் பொறுமையாக இறக்கிவிட்ட பெற்றோர் அவருக்கு வாய்த்தார்கள்.

அவரோடு சென்ற இன்னொருவர் ஸ்ரீஹரி நடராஜ். இருவருமே, தகுதிநேரத்தை எட்டிய வீரர்கள் இல்லாத நாடுகள் ஓர் ஆணையும் ஒரு பெண்ணையும் அனுப்பலாம் என்ற சலுகை விதியின்படி சென்றவர்கள். சலுகைதானே என்று சிலர் இளக்காரமாகப் பேசுகிறார்கள். உலகத்தின் எல்லா மூலைகளிலிருந்தும் பிள்ளைகள் வரவேண்டும் என்பதற்காக உண்டாக்கப்பட்ட வாசல் அது. 2000-ஆம் ஆண்டு சிட்னியில் அப்படிப்பட்ட சிறிய நாட்டு வாய்ப்பில் எக்குவடோரியல் கினியாவிலிருந்து எரிக் முசம்பானி என்பவர் வந்தார். ஒரு விடுதியின் சிறு குளத்தில் கற்றவர். 50 மீட்டர் நீளக் குளத்தை அதற்கு முன் கண்டதில்லை. 100 மீட்டரைக் கடக்க அவருக்கு 1 நிமிடம் 52.72 விநாடி பிடித்தது. கடைசிச் சில மீட்டர்களில் மூழ்கிவிடுவாரோ என்று அஞ்சிய கூட்டம் எழுந்து நின்று அவரைக் கரைசேர்த்தது. அந்தக் கூட்டத்தைப் போல நாங்கள் அன்று வழிபாட்டில் நடந்துகொள்ளவில்லை.

அதே சிட்னியில் இந்தியாவுக்காக நீந்திய ஒரே பெண் நிஷா மில்லட். ஐந்து வயதில் தண்ணீரில் மூழ்கிப் பிழைத்தவர் அவர். அந்தச் சம்பவத்துக்குப் பின் எத்தனை வீடுகளில், "இனித் தண்ணீர்ப் பக்கமே போகக்கூடாது" என்று சொல்லியிருப்பார்கள்! அவர் தந்தையோ, மகள் நீந்தக் கற்றே தீரவேண்டும் என்று முடிவு செய்தார். சென்னை ஷெனாய் நகர்க் குளத்தில் பயிற்சி தொடங்கியது. சிட்னியில் 200 மீட்டர் தகுதிச் சுற்றில் தமது பிரிவில் முதலாவதாக வந்தார்.

சலுகை இல்லாமல் போக முடியாதா என்றால், முடியும். கேரளத்தில் பிறந்து நம் நெய்வேலியில் வளர்ந்த சஜன் பிரகாஷ் அதைச் செய்து காட்டினார். தாயார் தடகள வீராங்கனை. நெய்வேலி நிலக்கரி நிறுவனத்தில் பணி. அந்த ஊர்க் குளத்தில் மகன் நீந்தினார். 2021 ஜூனில் ரோம் நகரில் 200 மீட்டர் பட்டர்ஃபிளையை 1 நிமிடம் 56.38 விநாடியில் முடித்தார். ஒலிம்பிக்கின் நேரடித் தகுதிநேரம் 1 நிமிடம் 56.48. பத்தில் ஒரு விநாடி! அதுவரை எந்த இந்தியரும் அந்தக் கோட்டைத் தொட்டதில்லை. மறுநாளே ஸ்ரீஹரியும் தொட்டார். இவர்களோடு மானா படேலும் சேர, டோக்கியோவுக்குப் போன இந்திய நீச்சல் அணி மூன்று பேர். எங்கள் வகுப்பின் கைகளும் மூன்றுதானே.

அணி ஏன் இத்தனை சிறியது என்பதற்குப் பெரியவர்கள் பல காரணம் சொல்வார்கள். குளம் போதாது, பணம் போதாது, பயிற்சியாளர் போதாது. எல்லாம் சரிதான். ஆனால் 1952-இல் இவற்றில் எது இருந்தது? அந்த ஆண்டு ஹெல்சிங்கி ஒலிம்பிக்குக்கு இந்தியா நான்கு பெண்களை அனுப்பியது. ஓட்டத்துக்கு நீலிமா கோஷும் மேரி டிசோசாவும், நீச்சலுக்கு டோலி நசீரும் ஆரத்தி சாகாவும். ஆரத்திக்கு அப்போது 11 வயதுதான். நம் பள்ளியானால் ஆறாம் வகுப்பில் இருந்திருப்பார். தாயை இழந்த பிள்ளை. கல்கத்தாவில் கங்கைப் படித்துறையில் குளிக்கப் போகும்போது நீந்தத் தொடங்கியவர். பெண் குழந்தை தண்ணீரை விரும்புகிறாள் என்று கண்ட தந்தை அவரைக் கரைக்கு இழுக்கவில்லை, நீச்சல் சங்கத்தில் சேர்த்துவிட்டார். 1951-இல் தில்லி ஆசியப் போட்டியில் 100 மீட்டர் தங்கம் வென்ற சச்சின் நாக் அவருடைய திறமையைக் கண்டு வளர்த்தார். (ஆசியப் போட்டியின் நீச்சல் பந்தயத்தில் இந்தியாவுக்கு 2023 வரை கிடைத்த ஒரே தங்கம் அதுவே.) 1959 ஆகஸ்டில் ஆங்கிலக் கால்வாயைக் கடக்க முயன்று ஆரத்தி தோற்றார். மறுமாதமே, செப்டம்பர் 29 அன்று, 16 மணி 20 நிமிடம் நீந்திக் கடந்தார். ஆசியப் பெண்களில் அவரே முதல்வர்.

படித்துறையில் தொடங்கியது அவர் பயணம். நம் படித்துறைகளில் என்ன நடக்கிறது?

வில்லாபுரத்தைச் சுற்றி ஒரு காலத்தில் வயலும் வாய்க்காலும் கிணறுமாக இருந்ததாக எங்கள் பாட்டிமார் சொல்கிறார்கள். இப்போது கண்ணுக்கெட்டிய வரை வீடுகள். வைகையோ வருடத்தில் பல நாள் மணலும் செடியும்தான். ஆனாலும் கோடை விடுமுறைக்குத் திருமங்கலம், உசிலம்பட்டிப் பக்கம் ஊருக்குப் போனால் பம்ப்செட் கிணறு இன்னும் இருக்கிறது. அங்கே அண்ணன்மாரும் தம்பிமாரும் இடுப்பில் சுரைக்குடுக்கையையோ பிளாஸ்டிக் கேனையோ கட்டிக்கொண்டு குதிக்கிறார்கள். மூன்றே நாளில் குடுக்கையைக் கழற்றி எறிந்துவிட்டு மீன் மாதிரி திரிகிறார்கள். ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது. காய்ந்த சுரைக்காயோ நீச்சலுக்கு உதவுகிறது! ஆனால் பையன்களுக்கு மட்டும். நாங்கள் அதே கிணற்றடியில் தொட்டித் தண்ணீரில் அவர்கள் சட்டையைத் துவைத்துக்கொண்டிருப்போம். குதிக்கட்டுமா என்று எங்களில் ஒருத்தி கேட்டதற்கு, "ஆம்பளப் பிள்ளைகளோட சேந்து என்னடி குதியாட்டம்?" என்று அவள் அத்தை வாளியைக் கையில் கொடுத்தார்.

சென்ற ஆண்டு எங்கள் விளையாட்டு ஆசிரியை ஒரு முயற்சி செய்தார். ஆற்றைத் தாண்டி ரேஸ் கோர்ஸ் மைதானத்தில் நீச்சல்குளம் இருக்கிறது. சனிக்கிழமை காலையில் பெண் பயிற்சியாளரை வைத்து, துணைக்கு ஓர் ஆசிரியையும் வர, நம் மாணவியருக்குக் கற்றுக்கொடுக்கலாம் என்று தலைமையாசிரியைச் சகோதரியிடம் கேட்டு அனுமதியும் பெற்றார். பெற்றோர் கையெழுத்துக்காகப் படிவங்கள் வீட்டுக்குப் போயின. கையெழுத்தோடு திரும்பியவை மிகச் சில. வகுப்பு தொடங்கவில்லை.

கையெழுத்துப் போடாத பெற்றோர்மேல் எங்களுக்குக் கோபம் இல்லை. அவர்கள் சொன்ன காரணங்களை எல்லாம் எங்களுக்குள் பேசிப் பார்த்தோம். ஜாதகத்தில் தண்ணீரில் கண்டம் இருக்கிறது என்றது ஒரு வீடு. அப்படியானால் அந்த வீட்டுப் பெண்தான் முதலில் கற்கவேண்டும் என்பது எங்கள் கட்சி. வெயிலில் கறுத்துப்போவாள் என்றது இன்னொரு வீடு. அந்தத் தோழி தினமும் சைக்கிளில் அவனியாபுரத்திலிருந்து வருகிறாள். கறுப்பதற்கு இனி மிச்சம் ஏதுமில்லை என்று அவளே சிரிக்கிறாள். மாதத்தில் சில நாள் முடியாதே என்றார்கள். அந்தச் சனிக்கிழமை போகாமல் இருந்தால் போயிற்று. கட்டணமும் பேருந்துச் செலவும் முடியாது என்று வெளிப்படையாகச் சொன்ன வீடுகளும் உண்டு. அந்தக் காரணத்தை எங்களால் மறுக்க முடியவில்லை. அதற்குப் பள்ளிதான் வழி காணவேண்டும்.

ஆனால் பெரும்பாலோர் வாயால் சொல்லாமல் மனத்தில் வைத்திருந்தது உடை. நீச்சல் உடையில் பெண் பிள்ளை நிற்பதா? இந்தக் கூச்சத்தை நாங்கள் கேலி செய்யமாட்டோம். எங்களுக்கும் அது இருக்கிறது. கையையும் காலையும் முழுக்க மூடும் நீச்சல் உடைகள் இப்போது கடையில் கிடைக்கின்றன, கற்றுக்கொள்வதற்கு அவை போதும் என்பது ஒரு பதில். இன்னொரு பதிலை எங்களுக்குப் பெரம்பலூர் மாவட்டத்துப் பெண்கள் கொடுத்தார்கள்.

2020 ஆகஸ்டில் நடந்தது அது. கொட்டரை அணையில் துணி துவைத்துக் குளித்துவிட்டு வீட்டுக்குப் புறப்பட இருந்தார்கள் மூன்று பெண்கள். கிரிக்கெட் விளையாடிவிட்டு வந்த இளைஞர்களில் நால்வர் தண்ணீரில் இறங்கித் தத்தளித்தார்கள். கயிறு இல்லை, கம்பு இல்லை. அந்தப் பெண்கள் தாங்கள் உடுத்தியிருந்த சேலைகளை அவிழ்த்து வீசினார்கள். அதைப் பற்றி இருவர் கரையேறினார்கள். மற்ற இருவர் தண்ணீரோடு போய்விட்டார்கள். தமிழக அரசு அந்த மூவருக்கும் கல்பனா சாவ்லா விருது கொடுத்தது.

இதை எங்கள் வகுப்பில் வாசித்தபோது யாரும் பேசவில்லை. ஊரார் முன்னால், ஆண்பிள்ளைகள் முன்னால், கிராமத்துப் பெண்கள் மூவர் சேலையை அவிழ்த்தார்கள். அந்த நேரத்தில் அவர்கள் மானத்தை எங்கே வைத்தார்கள் என்று கேட்க எவருக்காவது மனம் வருமா? உயிர் போகிற இடத்தில் கூச்சம் இரண்டாவதாகத்தான் வரும். சேலை எட்டிய தூரம் வரை இருவர் பிழைத்தார்கள். அதற்கப்பால் நீந்தத் தெரிந்தவர் கை வேண்டியிருந்தது. இந்தியாவில் ஆண்டுதோறும் முப்பதாயிரம் பேருக்கு மேல் தண்ணீரில் மூழ்கி இறக்கிறார்கள். அண்டை நாடான வங்காளதேசத்தில் இதற்காகவே கிராமத்துக் குளங்களுக்குள் மூங்கில் தட்டி கட்டி, அதற்குள் பிள்ளைகளை இறக்கி நீந்தக் கற்றுக்கொடுக்கிறார்கள். பளிங்குக் குளமும் இல்லை, பெரும் செலவும் இல்லை.

எங்களில் எவரும் ஒலிம்பிக்குக்குப் போகப்போவதில்லை. பதினாறு வயதில் தொடங்கினால் அதற்கெல்லாம் காலம் கடந்துவிட்டது என்று எங்களுக்கே தெரியும். ஆறாம் வகுப்புத் தங்கைகளுக்குக் கடக்கவில்லை. ஆரத்தி சாகாவின் வயது அவர்களுக்கு. மதுரையிலிருந்து ஒரு பெண் அந்த இரண்டு பேர் அணியில் மூன்றாவதாகப் போகமுடியாது என்று யார் எழுதி வைத்திருக்கிறார்கள்? போகாவிட்டாலும் குற்றமில்லை. கிணற்றடியில் நின்று அண்ணன் பெயரைச் சொல்லிக் கூவுகிறவளாக மட்டும் அவள் இராமல், இறங்கி அவனைத் தூக்கத் தெரிந்தவளாக இருந்தால் போதும்.

படிவங்கள் மீதி இருக்கின்றன. விளையாட்டு ஆசிரியையின் மேசையில், இடப்பக்க இழுப்பறையில், ஸ்கிப்பிங் கயிறுகளுக்கு அடியில். வேண்டுகிறவர்கள் இடைவேளையில் கேட்டு வாங்கிக்கொள்ளலாம். நாங்கள் எங்களுடையதை மறுபடியும் வீட்டுக்கு எடுத்துப் போகிறோம்.