கால்வாய் வந்துவிட்டது, குளங்கள் தயாரா?

2023 டிசம்பரில் காயல்பட்டினத்தில் ஒரே நாளில் 95 செ.மீ. மழை கொட்டியது. தாமிரபரணியில் விநாடிக்கு ஒரு லட்சம் கனஅடிக்கு மேல் வெள்ளம் பாய்ந்து கடலில் கலந்தது. அந்த ஆற்றின் உபரி நீரை வறண்ட சாத்தான்குளம் பகுதிக்குத் திருப்பும் தாமிரபரணி-கருமேனியாறு-நம்பியாறு இணைப்புத் திட்டம் 2025 பிப்ரவரியில் பயன்பாட்டுக்கு வந்தது. வெள்ளாங்குளியில் கன்னடியன் கால்வாயிலிருந்து பிரிந்து, 75 கிலோமீட்டர் கடந்து எம்.எல். தேரியில் முடிகிறது வெள்ளநீர்க் கால்வாய். இனி வெள்ளமும் வறட்சியும் தீர்ந்தன என்று நிம்மதி அடைய முடியாது. கால்வாயின் கொள்ளளவு விநாடிக்கு 3,200 கனஅடி. அந்த டிசம்பர் வெள்ளத்தில் நூற்றுக்கு மூன்று பங்குதான் இதில் அடங்கும். ஆண்டுக்கு எடுக்கத் திட்டமிட்டிருப்பது 2,765 மில்லியன் கனஅடி. இது, கால்வாய் கரை நிறைய ஓடினால் பத்து நாள் தண்ணீர். ஆகவே இந்தத் திட்டத்தின் பலன் வெள்ளத்தைத் தடுப்பதில் இல்லை. பத்து நாள் தண்ணீரைக் கோடை வரை காப்பாற்றுவதில் இருக்கிறது. அந்த வேலையைக் கால்வாய் செய்யாது, அது நிரப்பும் குளங்கள்தான் செய்ய வேண்டும்.

வரத்துக்காலைச் சீமைக்கருவேலம் அடைத்து நின்றால், மடையின் ஷட்டர் துருப்பிடித்து இறங்க மறுத்தால், அந்தப் பத்து நாளும் வீண். 2009 வாக்கில் 369 கோடி ரூபாய் என்று மதிப்பிட்ட திட்டம் ஆயிரம் கோடியைத் தாண்டித்தான் முடிந்தது. இவ்வளவு செலவழித்த அரசு, குளங்களின் பராமரிப்புக்கு ஆண்டுதோறும் தனி நிதி ஒதுக்கத் தயங்குவதில் நியாயமில்லை.

தேரி எனும் செம்மணல் மேடுகளில் விட்ட தண்ணீர் உள்ளே போய்விடுமே என்பார்கள். போகட்டும், கிணறுகளில் ஊறுவதும், கடலோரம் உப்புநீர் உள்ளேறாமல் தடுப்பதும் அந்தத் தண்ணீர்தான். கடலுக்குப் போவது முழுவதும் வீண் அல்ல, தாமிரபரணி கடலில் சேரும் புன்னைக்காயல் முகத்துவாரத்துக்கும் நன்னீர் வேண்டும் என்பது இன்னொரு வாதம். அது உண்மை, அதனால்தான் மொத்த உபரியையும் திருப்பாமல் ஒரு பங்கோடு நிறுத்த வேண்டும். தாமிரபரணியின் பழைய அணைக்கட்டுகளின் பாசனதாரர்களுக்கு உள்ள அச்சம் இவற்றைவிடக் கனமானது. பிசான நெல் சாகுபடிக்குத் தண்ணீர் குறைந்த வருடத்திலும் ஏதோ ஒரு நெருக்கடியில் வெள்ளநீர்க் கால்வாயின் ஷட்டரைத் திறந்துவிட்டால் என்ன செய்வது? எந்த அளவுக்கு மேல் ஓடினால்தான் உபரி என்பதை எழுதி வைத்து, திறக்கும் நாளையும் அளவையும் ஊரறிய அறிவிப்பதே இதற்குப் பதில். ஆண்டுதோறும் வடகிழக்குப் பருவமழைக்கு முன்பு, எந்தக் குளம் தயார், எது தயாரில்லை என்ற பட்டியலையும் நீர்வளத் துறையினர் வெளியிடட்டும். அந்தப் பட்டியலை வைத்துக் கேள்வி கேட்கும் பொறுப்பு கடைமடை விவசாயிகளுடையது.