தீர்ப்பு கையில, பாக்கி காத்துல!

தோழர்களே, அரசுப் பல்கலைக்கழகத்து மேல கேஸ் போட்டு ஜெயிச்ச ஊழியருக்கு பாக்கிப் பணம் வரலைன்னா என்ன வழி? அவமதிப்பு மனுவாம்!

1971 சட்டப்படி ஒரு வருஷத்துக்குள்ள போடணும். அதிகபட்ச அபராதம் 2,000 ரூபாய், சிறை 6 மாதம். "பரிசீலியுங்கள்" என்று மட்டும் கோர்ட் சொல்லியிருந்தால், "பரிசீலித்தோம், நிராகரித்தோம்" என ஒரு உத்தரவு போட்டால் போதும், கதை முடிஞ்சது. அந்த உத்தரவு தப்பாவே இருந்தாலும் புது வழக்குதான். 1996 பரிஹார் வழக்கில் உச்ச நீதிமன்றமே சொன்னது இது.

கோவில்பட்டி கல்லூரிகள் இணைந்திருக்கிற மனோன்மணியம் சுந்தரனார் பல்கலைக்கழகம் உட்பட எல்லாத்துக்கும் இதே சட்டம்தான். இதுக்கு வாதாடுற வக்கீல் ஃபீஸ் யார் காசு? தீப்பெட்டி ஆபீஸ் கூலியில் நம்ம அக்கா கட்டின பரீட்சைக் கட்டணமும் அதுல இருக்கு.

தீர்ப்பு வந்த பாக்கிக்கு பட்ஜெட்டில் தனி நிதி ஒதுக்கு! கிழவனை மறுபடி மதுரைக்கு பஸ் ஏற வைக்காதே!